சினிமா ராணி: கல்மரம் கிடைத்தது, படம் கிடைக்கவில்லை!

பெரம்பலூர் மாவட்டம் சாத்தனூரில் ஒரு மரம் படுத்துக் கிடக்கிறது. ஓடைக்கரையில், கம்பி வேலிக்குள், 18 மீட்டர் நீளத்துக்கு. பள்ளிக்கூடப் பிள்ளைகளை வேன் வைத்து அழைத்து வந்து காட்டுவார்கள். பார்த்தால் மரம், தொட்டால் கல். சுமார் 12 கோடி ஆண்டுகளுக்கு முன்னால், இந்தப் பக்கமெல்லாம் கடலாக இருந்த காலத்தில், சேற்றில் புதைந்து கொஞ்சம் கொஞ்சமாகக் கல்லாகிப்போன மரம் அது. 1940-ல் புவியியல் அறிஞர் எம்.எஸ்.கிருஷ்ணன் அதை அடையாளம் கண்டு சொன்னார். அதன்பிறகு வேலி வந்தது, போர்டு வந்தது, பார்க்க ஜனங்கள் வந்தார்கள்.

பக்கத்து அரியலூர் மாவட்டமும் சளைத்ததில்லை. சுண்ணாம்புக்கல் சுரங்கங்களில் தோண்டத் தோண்டக் கல்லாகிப்போன கடல் நத்தைகளும் கிளிஞ்சல்களும் கிடைக்கும். அவற்றை வைத்துக் காட்டவே வாரணவாசியில் ஓர் அருங்காட்சியகம் இருக்கிறது.

சாத்தனூர் மரம் கண்டுபிடிக்கப்படுவதற்கு நாலே நாலு வருஷம் முன்பு, 1936-ல், ஒரு படம் வந்தது. பெயர் 'மிஸ் கமலா'. அதன் கதையை எழுதியது, இயக்கியது, தயாரித்தது, கதாநாயகியாக நடித்தது எல்லாமே ஒரே பெண். தென்னிந்தியாவில் ஒரு பெண் படம் இயக்கியது அதுதான் முதல்முறை.

அந்தப் படத்தில் ஓர் அடி ஃபிலிம்கூட இன்றைக்கு இல்லை.

12 கோடி வருஷத்து மரம் பத்திரமாக இருக்கிற மண்ணிலிருந்து அந்தப் பெண் பிறந்த ஊருக்கு ஒரு மணி நேர பஸ் பயணம்தான். அவர் பெயர் டி.பி.ராஜலட்சுமி.

கொள்ளிடத்துக்கு அக்கரையில்

அரியலூரிலிருந்து தஞ்சாவூர் பஸ்ஸில் ஏறினால் கீழப்பழுவூர் தாண்டி, திருமானூர் தாண்டி, கொள்ளிடம் பாலம் வரும். பாலத்தில் ஏறும்போது அரியலூர் மாவட்டம், இறங்கும்போது தஞ்சாவூர் மாவட்டம். இன்னும் கொஞ்ச தூரத்தில் திருவையாறு.

1911 நவம்பர் 11-ம் தேதி அங்கேதான் ராஜலட்சுமி பிறந்தார். அப்பா பஞ்சாபகேச சாஸ்திரி, ஊர்க் கர்ணம். திருவையாறு பஞ்சாபகேச சாஸ்திரி மகள் என்பதைத்தான் 'டி.பி.' என்ற இரண்டு எழுத்துகள் கடைசிவரை சுமந்துகொண்டிருந்தன.

சங்கீதம் வீதியில் நடமாடிய ஊர் அது. தியாகராஜ சுவாமிகளின் சமாதி காவிரிக்கரையில் இருக்கிறது. ஆனால் அந்தக் காலத்தில் ஆராதனை சமயத்தில் அங்கே பெண்கள் உட்கார்ந்து பாட முடியாது. சமாதிக்கு ஆலயம் எழுப்பத் தன் சொத்தைச் செலவழித்த பெங்களூர் நாகரத்தினம்மாளுக்கே அந்த வரிசையில் இடமில்லை. அதனால்தான் 1920-களின் பிற்பகுதியில் அவர் பெண்களுக்கென்று தனி ஆராதனை நடத்தினார். பெண் கோயில் கட்டலாம், ஆனால் அதில் பாடக்கூடாது என்பது அன்றைய கணக்கு.

ராஜலட்சுமிக்குச் சின்ன வயதிலேயே நல்ல ஞாபகசக்தி, நல்ல குரல். கேட்ட பாட்டை அப்படியே திருப்பிப் பாடுவார். ஆனால் குரலைப் பற்றி யோசிக்கும் முன்பே வீட்டில் கல்யாணத்தைப் பற்றி யோசித்துவிட்டார்கள். எட்டு வயதைத் தாண்டுவதற்குள் கழுத்தில் தாலி ஏறிவிட்டது. பெண்ணுக்குக் குறைந்தது 14 வயது ஆகியிருக்க வேண்டும் என்ற சாரதா சட்டம் 1929-ல்தான் வந்தது. அதற்குப் பத்து வருஷம் முந்திய கதை இது.

அந்தக் கல்யாணம் நிலைக்கவில்லை. வரதட்சணைத் தகராறில் பெண்ணைப் பிறந்த வீட்டுக்கே திருப்பி அனுப்பிவிட்டார்கள். கொஞ்ச நாளில் அப்பாவும் போய்ச் சேர்ந்தார். 'வாழாவெட்டி' என்று ஊர் சொல்லும் ஒரு சிறுமி, கையில் காசில்லாத ஒரு விதவைத் தாய். அம்மா மீனாட்சி மகளைக் கூட்டிக்கொண்டு திருச்சிக்குப் போனார்.

மேடை போட்ட சோறு

இன்றைய பெரம்பலூர், அரியலூர் எல்லாம் அப்போது திருச்சி ஜில்லா. பெரம்பலூர் தனி மாவட்டமானது 1995-ல். அரியலூர் அதிலிருந்து பிரிந்து, மறுபடி சேர்ந்து, 2007-ல் மறுபடி தனியானது. 1920-களில் இந்தக் கிராமங்களுக்கெல்லாம் திருச்சிதான் டவுன். கோர்ட்டு, ஆஸ்பத்திரி, நாடகக் கொட்டகை எல்லாமே அங்கேதான்.

திருச்சியில் சி.எஸ்.சாமண்ணா நாடகக் கம்பெனி இருந்தது. மகளை அங்கே சேர்த்துவிடப் போனார் மீனாட்சி. நாடகத்துக்குப் பெண் கிடைப்பதே அபூர்வம். அதிலும் பிராமண வீட்டுப் பெண் என்றால் கம்பெனிக்காரர்களே தயங்குவார்கள். அன்றைக்குப் பெரும்பாலான கம்பெனிகளில் பெண் வேஷத்தை ஆண்கள்தான் போட்டார்கள். 'ஸ்திரீபார்ட்' என்று அதற்குப் பெயர். மீசை முளைக்காத பையன்கள் சேலை கட்டி வள்ளியாகவும் பவளக்கொடியாகவும் வருவார்கள்.

தயக்கத்தைத் தீர்த்துவைத்தவர் தமிழ் நாடகத் தலைமை ஆசிரியர் என்று கொண்டாடப்பட்ட சங்கரதாஸ் சுவாமிகள். அவருடைய ஆதரவில் ராஜலட்சுமிக்கு மேடை கிடைத்தது. முதலில் 'பவளக்கொடி' நாடகம். அப்போது வயது பதினொன்று இருக்கலாம்.

சொந்தக்காரர்கள் கைவிட்டார்கள். நாடகத்தில் நடிக்கிற பெண் இருக்கிற வீட்டில் பச்சைத் தண்ணீர் குடிக்கக்கூட யோசித்த காலம். ஆனால் அம்மாவும் பெண்ணும் அடுத்த வேளைக்கு யார் வீட்டு வாசலிலும் நிற்க வேண்டியிருக்கவில்லை. மேடைதான் அவர்களுக்குச் சோறு போட்டது.

அந்த மேடை லேசுப்பட்டதும் இல்லை. மைக் கிடையாது. ராத்திரி சாப்பாட்டுக்குப் பிறகு தொடங்கும் நாடகம் விடிய விடிய நடக்கும். ஹார்மோனியக்காரர் சுருதியை ஏற்றிக்கொண்டே போவார். கடைசி வரிசையில் தலைப்பாகையை உருவித் தலைக்கு வைத்துப் படுத்திருக்கும் ஆளுக்கும் பாட்டு கேட்க வேண்டும். கேட்கவில்லை என்றால் அவர் சும்மா இருக்க மாட்டார். எழுந்து சத்தம் போடுவார். எதிரே நடிக்கிறவர் திடீரென்று புதுசாக ஒரு கேள்வியைப் பாட்டில் போட்டு மடக்கினால், அதே ராகத்தில் உடனே பதில் சொல்ல வேண்டும். இந்தப் பள்ளிக்கூடத்தில் தேறியவர்கள்தான் எஸ்.ஜி.கிட்டப்பா, எம்.கே.தியாகராஜ பாகவதர் போன்றவர்கள். இருவரோடும் ராஜலட்சுமி நடித்திருக்கிறார். மேடையில் தேசியப் பாட்டுகளும் பாடினார். புராண நாடகத்துக்கு நடுவே காந்தியையும் கதரையும் பாட்டில் கொண்டுவந்தால் கொட்டகை கைதட்டி அதிரும் காலம் அது.

குரல் இருந்தால்தான் சினிமா

சினிமா அப்போது ஊமை. திருச்சிக்கு அதில் ஒரு சொந்தக் கதை உண்டு. 1905-ல் திருச்சியில் ரயில்வே ஊழியராக இருந்த சாமிக்கண்ணு வின்சென்ட், ஊருக்கு வந்த ஒரு பிரெஞ்சுக்காரரிடமிருந்து புரொஜக்டரையும் படச்சுருள்களையும் விலைக்கு வாங்கி, வேலையை விட்டுவிட்டு, ஊர் ஊராகக் கூடாரம் போட்டுப் படம் காட்டக் கிளம்பினார். டூரிங் டாக்கீஸுக்கு அதுதான் பிள்ளையார் சுழி. இந்தப் பெயர் இன்னும் கொஞ்சம் தள்ளி மறுபடி வரும்.

ராஜலட்சுமி 'கோவலன்' போன்ற சில மௌனப் படங்களில் நடித்தார். அதில் அவருடைய குரலுக்கு வேலையே இல்லை. பிறகு 1931 மார்ச்சில் பம்பாயில் அர்தேஷிர் இரானியின் 'ஆலம் ஆரா' பேசியது. தமிழ்நாட்டிலும் ஜனங்கள் கூடுவார்கள் என்று இரானிக்குத் தெரிந்துவிட்டது. தமிழ் பேசிப் பாட ஒரு பெண் வேண்டும்.

எப்படிப்பட்ட பெண்? அன்றைக்குப் பின்னணி பாடுவது என்ற வழக்கமே கிடையாது. கேமரா ஓடும்போதே மைக்கும் ஓடும். நடித்துக்கொண்டே பாட வேண்டும். வாத்தியக்காரர்கள் கேமராவில் படாமல் பக்கத்திலேயே உட்கார்ந்திருப்பார்கள். ஓர் இடத்தில் சுருதி விலகினாலும் மொத்தத்தையும் முதலிலிருந்து எடுக்க வேண்டும். அழகு மட்டும் இருக்கிறவர்களால் இதைச் செய்ய முடியாது. விடிய விடிய மேடையில் பாடிப் பழகியவர்களால்தான் முடியும்.

அப்படித்தான் ராஜலட்சுமி பம்பாய்க்குப் போனார். எச்.எம்.ரெட்டி இயக்கத்தில் 'காளிதாஸ்'. இளவரசி வித்யாதரி வேஷம். அந்தக் கதையும் ஒரு கல்யாண மோசடிக் கதைதான். இளவரசியை ஏமாற்றிப் படிப்பறிவில்லாத மாடு மேய்க்கிறவனுக்குக் கட்டிவைத்துவிடுவார்கள். காளியின் அருளால் அவன் மகாகவி காளிதாசன் ஆவான்.

1931 அக்டோபர் 31-ம் தேதி சென்னை கினிமா சென்ட்ரல் தியேட்டரில் 'காளிதாஸ்' வெளியானது. நாயகி தமிழில் கேட்டால் நாயகன் தெலுங்கில் பதில் சொல்வார். வேறு சிலர் இந்தியில் பேசுவார்கள். யாரும் அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. திரை தமிழ் பேசியதே ஜனங்களுக்குப் போதும். படத்தில் தியாகராஜரின் கீர்த்தனையும் இருந்தது, ராட்டையைப் புகழும் பாட்டும் இருந்தது. தியாகராஜர் சன்னிதியில் பெண்கள் சரிசமமாகப் பாட இடம் கிடைப்பதற்கு முன்பே, திருவையாற்றுப் பெண் ஒருத்தி அவர் கீர்த்தனையை வெள்ளித்திரையிலிருந்து ஊரெல்லாம் கேட்கப் பாடிவிட்டார்.

தமிழ் சினிமா முதன்முதலில் வாய் திறந்தபோது கேட்ட பெண் குரல் அது. அப்போது அவருக்கு இன்னும் 20 வயது முடியவில்லை.

இரண்டு வருஷத்தில், 1933-ல், 'வள்ளி திருமணம்'. கல்கத்தா பயனியர் கம்பெனியோடு சேர்ந்து அதைத் தயாரித்தவர் அதே சாமிக்கண்ணு வின்சென்ட். ராஜலட்சுமிதான் வள்ளி. மேடையில் ஆயிரம் தடவை பார்த்த கதையைத் திரையில் பார்க்கக் கூட்டம் அலைமோதியது. 'சினிமா ராணி' என்று அழைக்க ஆரம்பித்தார்கள். தன்னோடு நடித்த டி.வி.சுந்தரத்தை அவர் திருமணம் செய்துகொண்டார். இந்தக் கல்யாணம் அவரே முடிவு செய்தது.

மேடையிலிருந்து வந்த பெண்களின் மதிப்பு எவ்வளவு என்பதற்கு 1935-ல் ஓர் ஆதாரம் கிடைத்தது. 'பக்த நந்தனார்' படத்தில் நந்தனாராக நடிக்க கே.பி.சுந்தராம்பாளுக்குக் கொடுத்த சம்பளம் ஒரு லட்சம் ரூபாய். அன்றைக்கு அரசாங்க குமாஸ்தா ஆயுசு முழுக்கச் சம்பாதித்தாலும் பார்க்க முடியாத தொகை.

கேட்காமல் செய்த கல்யாணத்துக்குப் பதில்

நல்ல சம்பளம், நல்ல பெயர். இத்தோடு நின்றிருந்தால் 'முதல் கதாநாயகி' என்ற ஒரு வரியோடு ராஜலட்சுமியின் கதை முடிந்திருக்கும்.

ஆனால் அவர் எழுதவும் செய்தார். 'கமலவல்லி' என்று ஒரு நாவல். மனதுக்குப் பிடித்த ஒருவன் இருக்க, வேறொருவனுக்குக் கட்டிவைக்கப்படும் பெண்ணின் கதை. அந்த நாவலைத்தான் 'மிஸ் கமலா' என்ற பெயரில் படமாக்க நினைத்தார். அதற்காக ஸ்ரீ ராஜம் டாக்கீஸ் என்று சொந்தக் கம்பெனி ஆரம்பித்தார்.

1936-ல் ஒரு பெண் டைரக்டர் நாற்காலியில் உட்கார்ந்து, கேமராமேனிடம் ஷாட்டைச் சொல்லி, அப்புறம் எழுந்து போய்த் தானே கேமரா முன்னால் நின்று நடிப்பதைக் கற்பனை செய்து பார்க்கலாம். இந்தியாவிலேயே அதற்கு முன்பு படம் இயக்கிய பெண் என்று பேர் சொல்லக்கூடியவர் பம்பாய் ஃபாத்மா பேகம். 1926-ல் அவர் இயக்கிய 'புல்புல்-இ-பரிஸ்தான்' மௌனப் படம். பேசும் படத்தில், தமிழில், ராஜலட்சுமிதான். நடிகை பி.பானுமதி 'சண்டிராணி'யை இயக்கியது 1953-ல். நடுவில் 17 வருஷம்.

புராணக் கதை எடுத்தால் பணம் நிச்சயம் என்ற காலத்தில் சமூகக் கதை எடுத்ததும் துணிச்சல்தான். வள்ளி, சாவித்திரி, திரௌபதி வேஷங்களில் ஜனங்கள் கும்பிட்ட ஒரு நடிகை, தன் சொந்தக் காசைப் போட்டு, 'பெண்ணைக் கேட்காமல் கல்யாணம் செய்யாதீர்கள்' என்கிற கதையைச் சொல்ல வந்தார். எட்டு வயதுக்குள் அவரை யாரும் கேட்கவில்லை. பதில் சொல்ல அவருக்கு 25 வயது ஆக வேண்டியிருந்தது. அப்போதும் அழுது புலம்பவில்லை. கதை எழுதி, செட் போட்டு, டிக்கெட் விற்று, ஊரைக் கூட்டிவைத்துச் சொன்னார்.

மகளுக்கு அவர் வைத்த பெயரும் கமலாதான். பெண் சிசுக்கொலையிலிருந்து காப்பாற்றி ஒரு பெண் குழந்தையைத் தத்தெடுத்தும் வளர்த்தார்.

வேறொரு குரல் வந்தது

பிறகு 'மதுரை வீரன்' படத்தையும் எடுத்தார். ஆனால் சினிமா வேகமாக மாறிக்கொண்டிருந்தது. 1938-ல் ஏ.வி.மெய்யப்பச் செட்டியார் எடுத்த 'நந்தகுமார்' படத்தில் சின்னக் கண்ணன் டி.ஆர்.மகாலிங்கம். யசோதை, டி.பி.ராஜலட்சுமி. கதாநாயகியாக வந்து ஏழு வருஷம்தான் ஆகியிருந்தது, வயது 27. அதற்குள் அம்மா வேஷம்.

அந்தப் படத்தில் இன்னொரு விஷயமும் நடந்தது. ஒரு நடிகையின் குரல் சரியாக அமையவில்லை என்று, லலிதா வெங்கட்ராமன் என்ற பாடகியைப் பாடவைத்து அந்தக் குரலைச் சேர்த்தார் செட்டியார். தமிழ் சினிமாவில் பின்னணி பாடும் வழக்கம் நுழைந்த கதை என்று இதைத்தான் சொல்வார்கள்.

இனிமேல் நடிக்கிறவர் பாட வேண்டியதில்லை. பாடுகிறவர் நடிக்க வேண்டியதில்லை. எந்தக் குரலுக்காகத் திருச்சி மேடையிலிருந்து ராஜலட்சுமியைப் பம்பாய்க்குக் கூப்பிட்டார்களோ, அந்தக் குரல் இல்லாமலே ஒருவர் நடிகையாகலாம் என்று ஆகிவிட்டது. மேடையும் சினிமாவும் தனித்தனிப் பாதையில் போக ஆரம்பித்தன. அதற்குப் பிறகும் மேடையிலிருந்து வந்து சாதித்தவர்கள் உண்டு. பள்ளத்தூரிலிருந்து நாடகம் வழியாக வந்து, 1958-ல் 'மாலையிட்ட மங்கை'யில் அறிமுகமான மனோரமா அரை நூற்றாண்டுக்கும் மேல் நின்று காட்டினார். ஆனால் 'பாடத் தெரிந்தால்தான் நடிகை' என்ற காலம் ராஜலட்சுமியின் தலைமுறையோடு முடிந்தது.

1961-ல் அவருக்குக் கலைமாமணி விருது கிடைத்தது. 1964 ஆகஸ்டில் காலமானார். வயது 52.

பெட்டிகள் எங்கே போயின?

அப்படியென்றால் படங்கள் எங்கே?

அன்றைய ஃபிலிம் நைட்ரேட்டால் ஆனது. சட்டென்று தீப்பிடிக்கும். தமிழ்நாட்டு வெயிலுக்கும் புழுக்கத்துக்கும் சில வருஷங்களிலேயே பிசுபிசுத்து, ஒட்டிக்கொண்டு, கடைசியில் பொடியாகிவிடும். பிரிண்ட் போடுவதே சில பெட்டிகள்தான். முதலில் சென்னை, மதுரை, திருச்சி போன்ற பெரிய ஊர்களில் ஓடும். அப்புறம் சின்ன டவுன். அதற்கும் பிறகு கிராமத்து டூரிங் டாக்கீஸ்.

பெரம்பலூர், அரியலூர் பக்கத்துப் பெரியவர்களைக் கேட்டால் இன்னும் சொல்வார்கள். அறுவடை முடிந்த வயலில் கூடாரம், ஆண்களுக்கு ஒரு பக்கம், பெண்களுக்கு ஒரு பக்கம், நடுவே தடுப்பு. தரை டிக்கெட்காரர்கள் மணலைக் குவித்து உயரமாக்கி உட்கார்ந்துகொள்வார்கள். பின்னால் இருப்பவர் திட்டுவார். சாமி பாட்டு போட்டால் படம் ஆரம்பிக்கப்போகிறது என்று சைக்கிளை மிதிப்பார்கள். அங்கே வந்து சேரும்போது பிரிண்ட் ஏற்கெனவே பல ஊர் சுற்றித் தேய்ந்திருக்கும். நடுநடுவே அறுந்துபோகும். ஒட்டிப் போடுவார்கள். அப்படிக் கடைசித் துண்டு வரை ஓட்டி முடிப்பார்கள்.

ஓட்டி முடித்த பிரிண்டுக்கு யாரும் மதிப்புக் கொடுக்கவில்லை. ஃபிலிமில் கொஞ்சம் வெள்ளி இருக்கும். அதைப் பிரித்தெடுக்க எடைக்குப் போட்டார்கள். 'ஆலம் ஆரா'வும் இல்லை, 'காளிதாஸ்' இல்லை, 'மிஸ் கமலா' இல்லை. 1930-களின் தமிழ்ப் படங்களில் மிஞ்சியவை கொஞ்சமே. பழைய படங்களைத் தேடிப் பாதுகாக்க புனேயில் தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் தொடங்கியது 1964-ல். ராஜலட்சுமி இறந்த அதே வருஷம்.

இத்தாலியில் ஒரு 'சாம்பல்'

கடல் கடந்து ஓர் உதாரணம். இத்தாலியில் எலியனோரா டூசே என்று ஒரு மேடை நடிகை. 1858-ல் பிறந்தவர். நாடகக் குடும்பம் என்பதால் நாலு வயதிலேயே மேடை ஏறிவிட்டார். ஐரோப்பாவும் அமெரிக்காவும் கொண்டாடிய நடிகை. வாழ்நாளில் அவர் நடித்தது ஒரே ஒரு சினிமா. 1916-ல் வந்த 'செனெரே'. இத்தாலிய மொழியில் 'சாம்பல்' என்று அர்த்தம். பெற்ற மகனைப் பிரிய நேரும் ஏழைத் தாயின் கதை. திரைக்கதையிலும் அவருடைய பங்கு இருந்தது. அப்போது அவருக்கு வயது 58.

1924-ல் அமெரிக்காவில் நாடகம் போடப் போன இடத்தில் டூசே இறந்தார். அவருடைய மேடை நடிப்பு அவரோடு போய்விட்டது. ஆனால் 'செனெரே' இருக்கிறது. நூறு வருஷத்துக்கு மேல் ஆன அந்த மௌனப் படத்தை இன்றைக்கும் போட்டுப் பார்க்கலாம். நரைத்த தலையோடு அவர் நடந்து வருவதையும் கையை அசைப்பதையும் பார்த்து நடிப்புப் படிக்கிற பிள்ளைகள் கற்றுக்கொள்கிறார்கள்.

டூசே நடித்த ஒரே படம் பிழைத்தது. ராஜலட்சுமி இயக்கிய முதல் படம் பிழைக்கவில்லை. திறமையில் யார் பெரியவர் என்று பார்க்கவே வழியில்லை. ஒப்பிட ஒரு பக்கத்தில் படமே இல்லையே!

ஒரு பொத்தான்

இன்றைக்கும் அரியலூர், பெரம்பலூர் பக்கம் கோயில் திருவிழா என்றால் சில ஊர்களில் நாடகமோ கூத்தோ உண்டு. மேடையில் ஆடிப் பாடும் பெண்கள் விடிந்ததும் வேஷத்தைக் கலைத்துவிட்டு, பை தூக்கிக்கொண்டு முதல் பஸ்ஸுக்கு நிற்பார்கள். ராத்திரி கைதட்டியவர்களே பகலில் ஒரு மாதிரி பார்ப்பதும் முழுசாக மாறிவிடவில்லை. வீட்டில் பெண் பிள்ளை 'நான் நடிக்கப் போகிறேன்' என்று சொன்னால், 'முதல்ல டிகிரியை முடி, அப்புறம் பார்க்கலாம்' என்பதுதான் இன்றைக்கும் முதல் பதில். நூறு வருஷத்துக்கு முன்பு மகளைக் கையில் பிடித்துக்கொண்டு கம்பெனி வாசலில் போய் நின்ற மீனாட்சி அம்மாள் எவ்வளவு பெரிய மனுஷி என்பது அப்போது புரியும்.

ஒரு விஷயம் மட்டும் மாறியிருக்கிறது. ராஜலட்சுமி காலத்தில் ஒரு குரலைப் பிடித்துவைக்க பம்பாய்க்குப் போக வேண்டியிருந்தது. இன்றைக்கு எல்லார் கையிலும் செல்போன். திருவிழாவில் பாடும் கலைஞரோ, திண்ணையில் உட்கார்ந்து தாலாட்டும் நாற்றுநடவுப் பாட்டும் பாடும் அப்பத்தாவோ, அவர்கள் சம்மதித்தால் ஒரு பொத்தானை அழுத்தினால் போதும். பெயரையும் ஊரையும் தேதியையும் சேர்த்துச் சொல்லிப் பதிவு செய்து, ஒரு போனில் மட்டும் வைக்காமல் இரண்டு மூன்று இடத்தில் வைத்தால், அது பிழைக்கும். பேரன் பேத்திகள் லீவு நாளில் செய்யக்கூடிய வேலைதான்.

சாத்தனூர் ஓடையில் அந்த மரம் எத்தனையோ காலம் வெறும் கல்லாகத்தான் கிடந்தது. ஆடு மேய்த்தவர்கள் அதன்மேல் உட்கார்ந்துகூட இருப்பார்கள். 1940-ல் ஒருவர் வந்து குனிந்து பார்த்து, 'இது மரம்' என்றார். உடனே அதற்கு மதிப்பு வந்தது.

'மிஸ் கமலா' படப்பெட்டி ஏதோ ஒரு கொட்டகை மூலையில் கொஞ்ச காலமாவது கிடந்திருக்கும். குனிந்து பார்க்கத்தான் யாரும் வரவில்லை.